அஞ்சாவது பாட்டு பாடுனது யாரு

குந்துங்கப்பா, குந்துங்க. பின்னாடி நிக்கறவங்க முன்னாடி வாங்க, முன்னாடி நிக்கறவங்க கொஞ்ச நேரம் குள்ளமாவுங்க. பேச்ச நிறுத்துங்க. சாம்பியன் ரீஃப் பக்கத்து அக்காங்க நிறுத்துனா பாதி சத்தம் அடங்கும், உரிகம் பக்கத்து அண்ணனுங்க நிறுத்துனா மீதி அடங்கும். போன அணைச்சுப் பையில போடுங்க. பிரியமானவர்களே, இது நம்ம ஃபாதர் கொரலு, கண்ண மூடிக் கேளுங்க, பிரியமானவர்களே, பூசைக்கு லேட்டா வந்தவங்க இதுக்காவது நேரத்துக்கு வந்தீங்களே, ஆண்டவருக்கு நன்றி. இப்ப நம்ம ரயிலு டிக்கெட் பரிசோதகரு, பாஸ் எங்க, பாஸ் எங்க, போன மாச பாஸக் காட்டி இந்த மாசம் குந்துனா எப்படிம்மா. சரி, போதும். ஒம்போது பாட்டு, நாப்பத்தொரு நிமிசம். நடுவுல கை தட்டக் கூடாது, எழுந்து போவக் கூடாது, இருமலு வந்தா முழுங்கிக்கங்க. நம்ம ஊரு பசங்க பாட்டு, நம்ம ஊரு காதுதான் மொதல்ல கேக்குது. கம்முனு கேளுங்க.

சிரிச்சாங்க. நான் பண்ணதுக்கு ஹாலு பூரா நல்லா சிரிச்சாங்க, ஃபாதரே தாடியத் தடவிக்கிட்டு சிரிச்சாரு. மைக்க அணைச்சு மடியில வெச்சுக்கிட்டு ஓரத்து நாற்காலியில குந்தறேன், மேடையில கிளமென்ட் லேப்டாப்ப ஒரு தட்டு தட்டறான், ரெண்டு பக்க சவுண்டு பொட்டியில இருந்தும் கிடார் கெளம்புது, எனக்கு வயிறு எரியுது. காலையில தின்னது ரெண்டு இட்லிதான், இட்லி எரியாது, எரியறது வேற. அந்த பேனரப் பாக்கக் கூடாதுன்னு இருக்கேன், கண்ணு அங்கயேதான் போவுது. சைனைடு மேடுன்னு பேண்டு பேரப் பெருசா எழுதி, கீழ முதல் ஆல்பம், காலை வண்டின்னு சின்னதா எழுதி, நாலு மூஞ்சி. சைனைடு மேடுன்னா வேற ஒண்ணும் இல்ல, சுரங்கத்துல தங்கத்த எடுத்துட்டு மிச்ச மண்ணக் கொட்டிக் கொட்டி ஊரச் சுத்தி மலையா நிக்குதே அதுதான், அந்தப் பேரக் கூட நான்தான் சொன்னேன், கிளமென்ட் தங்க வயல் பாய்ஸுன்னு வெக்கலாம்னான், டேய் அது கிரிக்கெட் டீம் பேருடான்னு நான்தான் சிரிச்சேன். கிடாரு கிளமென்ட், டிரம்ஸ் முனுசாமி, பேஸு ஜூலியன், பாட்டு சீலன். நாலு மூஞ்சியும் சைனைடு மேட்டு மேல நின்னுக்கிட்டு ஆளுக்கொரு பக்கம் பாக்குது, காணாமப் போன ஆட்டத் தேடற மாதிரி. எம்பேரும் இருக்கு, இல்லன்னு சொல்ல மாட்டேன். கடைசியில நன்றின்னு போட்டு, சவுண்டு பொட்டி குடுத்த சம்பங்கிக்கும், டீக்கடை மணவாளனுக்கும் நடுவுல, எட்வின், மிமிக்ரி. மணவாளன் எழுத்து என் எழுத்த விட பெருசா இருக்கா இல்ல எனக்கு அப்படித் தெரியுதா. எழுந்து போயி ஸ்கேலு வெச்சு அளக்க முடியாது, நானே எழுந்து போவக் கூடாதுன்னு சொல்லிட்டேன்.

மொத பாட்டுல சீலன் வாயத் தொறக்கறான். நல்லாத்தான் இருக்கு. நல்லா இருந்தாத்தான் எரியும், கேவலமா இருந்தா நான் ஏன் எரியறேன், சந்தோசமா ரெண்டாவது நாற்காலியும் சேத்துப் போட்டு காலு நீட்டிக் கேப்பேன். கன்ட்ரி ராக்குன்னு கிளமென்ட் எல்லார் கிட்டயும் வெளக்கிக்கிட்டு இருக்கான், ஃபாதருக்குக் கூட வெளக்குனான், கன்ட்ரின்னா நாட்டுப்புறம், ராக்குன்னா பாறை, நம்ம ஊருல ரெண்டத் தவிர வேற இன்னா இருக்குன்னு ஃபாதர் கேட்டாரு. வெள்ளக்காரன் சுரங்கத்துக்கு வந்தப்ப கிடாரயும் கூட எடுத்துக்கிட்டு வந்தான், போறப்ப தங்கத்த எடுத்துக்கிட்டு கிடார வுட்டுட்டுப் போயிட்டான், அதனால இந்த ஊருல கிளப்புல வாசிச்ச மாமனுங்க வூட்டுக்கு ஒருத்தன் இருக்கான். கிளமென்ட் அப்பா அப்படித்தான். கிளமென்ட்டு விரல்ல மாட்டி தந்தி மேல இழுக்கறானே, அழுவற மாதிரி ஒரு சத்தம் வருதே, அது கடையில வாங்குன சாமான் இல்ல, அவன் ஒர்க்‌ஷாப்புல நட்டு கழட்டற சாக்கெட்டு, பதினேழாம் நம்பரு. முனுசாமி அடிக்கறது ரயிலு. சுரங்கத்த மூடுன பொறவு ஊரே காலையில வண்டியேறி பெங்களூரு போயி சாயங்காலம் திரும்புதே, அந்த வண்டியில பொறந்ததுதான் இந்த பேண்டு, அதே பொட்டியில அதே சீட்டுல குந்திக்கிட்டு சோத்து டப்பாவ தலகீழாக் கவுத்து முனுசாமி தட்டுவான், தடக்கு தடக்கு தடக்குன்னு, கிளமென்ட் வாசிப்பான், பாடறது யாரு, நான். அப்ப சீலன் எங்க இருந்தான். கதவோரமா நின்னுக்கிட்டு இருந்தான். நாலு வருசம் அதே கதவோரம், ஒரு வார்த்த பேசல, நாங்க அவன ஊமன்னே நெனச்சோம், நான் அவனப் பண்ணிக் காட்டுவேன், எப்படின்னா ஒண்ணும் பண்ணாம நிப்பேன், அதுக்கே பொட்டி சிரிக்கும். அப்புறம் ஒரு நாளு நான் வரல, அவன் பாடியிருக்கான். ஒரே ஒரு நாளு. அதுக்கு அப்பால கிளமென்ட் என்னைத் தனியாக் கூட்டிக்கிட்டுப் போயி சொன்னானே, அது இருக்குதே, அது இந்த வயித்துலதான் இருக்கு. நீ எல்லா பாட்டுக்காரன் மாதிரியும் பாடறடா எட்வினு, ஒனக்குன்னு ஒரு கொரலு இல்லயேடான்னான். அன்பாத்தான் சொன்னான், தோள்ல கை போட்டுக்கிட்டு, கையில கிரீஸு, சட்டையில அந்தக் கறை இன்னும் போவல. நான் இன்னா செஞ்சேன், கிளமென்ட் மாதிரியே பேசி அதத் திருப்பிச் சொல்லிக் காட்டுனேன், அவன் சிரிச்சான், நானும் சிரிச்சேன். வூட்டுக்குப் போயி குழாயத் தொறந்து வுட்டுட்டு, தண்ணி சத்தத்துல, என் கொரலுல பேசிப் பாத்தேன். எட்வினு, எட்வினுன்னு எம்பேர நானே சொன்னேன். ஃபாதரு மாதிரி வருது, கவுன்சிலரு மாதிரி வருது, பரிசோதகரு மாதிரி வருது. நான் மட்டும் வரல. பிலோமி வெளிய இருந்து யாரு உள்ளன்னு கேட்டா. பொண்டாட்டியே யாருன்னு கேட்டா நான் யாரப் போயி கேக்கறது.

பிலோமி மூணாவது வரிசையில இருக்கா. நீலப் பொடவை. கல்யாணத்துக்குப் போற மாதிரி பூ வெச்சிருக்கா, யாருக்கு இந்தப் பூவு, எனக்கா சீலனுக்கா, ரெண்டாவது பாட்டுக்கு தலைய ஆட்டறா பாரு, நான் வூட்டுல பாடுனா பக்கத்து வூட்டுல பாப்பா தூங்குது மெதுவாம்பா. சீலன் அவளுக்கு முன்னாடி வரிசையிலதான் குந்தி இருக்கான், மேடையில குந்தச் சொன்னா கூச்சமாம், கீழ போயிட்டான், தலையக் குனிஞ்சு தன் செருப்பயே பாத்துக்கிட்டு இருக்கான், தன் பாட்டத் தானே கேக்க வெக்கமாம். இந்த வெக்கந்தான் என்னைக் கொல்லுது. பேசாம இருக்கறவன ஊரு நல்லவன்னு சொல்லுது, பேசறவன கோமாளின்னு சொல்லுது, நான் எத்தன கல்யாணத்துல மைக்கு புடிச்சிருக்கேன், எத்தன எலக்‌ஷன் ஆட்டோவுல தொண்டை கிழிய கத்தியிருக்கேன், ஒரே எலக்‌ஷனுல ரெண்டு கட்சிக்கும் ரெண்டு கொரலுல, ஒருத்தன் வந்து கையப் புடிச்சு அண்ணா அழுவ வந்துடுச்சுண்ணான்னு சொன்னது இல்ல. அண்ணா சிரிச்சு சிரிச்சு வயிறு வலிக்குதுண்ணா, அதுதான். வயித்து வலிக்காரன் நான், வைத்தியரு அவன். மூணாவது பாட்டு ஓடுது. இந்த ஒம்போது பாட்டையும் மொதல்ல பாடுனது நான்தான்னு இங்க எத்தன பேருக்குத் தெரியும். டிராக்குன்னு ஒண்ணு இருக்கு. நெசப் பாட்டுக்காரன் வர்றதுக்கு முன்னாடி ஒருத்தன் சும்மா பாடி வெக்கணும், அதப் போட்டுக் கேட்டு இவன் கத்துப்பான், இவன் பாடுன பொறவு அத அழிச்சிடுவாங்க. கட்டடம் கட்டறப்ப சாரம் கட்டறாங்களே, கட்டி முடிச்சதும் அவுத்துடறாங்களே, அந்த சாரம் நான். சீலன் காலையில வண்டியேறிப் போயிடறான், ஞாயித்துக்கெழமதான் வருவான், நான் பெங்களூரு வேலைய வுட்டுட்டு பகல்ல சும்மாத்தானே இருக்கேன், கிளமென்ட்டுக்கும் அப்ப நைட் ஷிப்டு, அதனால மத்தியானத்துல கிளமென்ட் வூட்டு ரூமுல, சத்தம் எதிரொலிக்காம செவுரு பூரா ரஜாயிப் போர்வை தொங்க வுட்டு, ஃபேன அணைச்சுட்டு, வேத்து வேத்து பாடி வெச்சேன். ஏன் ஒத்துக்கிட்டேன். என்னை வுட்டா ஆளு இல்லன்னு கிளமென்ட் சொன்னான். என்னை வுட்டா ஆளு இல்லன்னு யாரு சொன்னாலும் நான் போயிடுவேன், அதுதான் எனக்கு வியாதி. ஆனா ஒழுங்காப் பாடி வெச்சேனா, இல்ல. மொத பாட்ட ஃபாதரு கொரலுல பாடுனேன். ரெண்டாவத பரிசோதகரு மாதிரி. இந்த மூணாவது, இப்ப ஓடுதே, இத தண்ணி வண்டி அறிவிப்புப் பொம்பள மாதிரி பாடுனேன், கிளமென்ட் கீழ வுழுந்து சிரிச்சான். சீலன் இதுல இருந்து எப்படித்தான் கத்துக்கிட்டானோ. கத்துக்கிட்டான், அந்தப் பொம்பளைய தொடச்சு எடுத்துட்டு ராகத்த மட்டும் வெச்சுக்கிட்டான், கெட்டிக்காரன், கெட்டிக்காரன் ஒழிக.

நாலாவது முடியுது. ஒருத்தனுக்கு இருமலு வருது, முழுங்கறான். அஞ்சாவது கெளம்புறப்ப கிடாரு இல்ல, முனுசாமி மட்டும், டப்பா சத்தம், தூரத்துல இருந்து வண்டி வர்ற மாதிரி. மாரிக்குப்பம் வண்டியில, மடி மேல சோத்து டப்பா, போறது நான் மட்டுந்தான், வூட்டுலயே என் மூச்சு, இப்படி வருது பாட்டு. இது இன்னா. முதுகுல யாரோ பச்சத் தண்ணி ஊத்துன மாதிரி இருக்கு. இது இன்னாது இது. மாரின்னு சொல்லிட்டு நின்னு மூச்சு எடுத்துட்டு அப்புறம் குப்பம்ங்கறான். எவனாவது ஊரு பேருக்கு நடுவுல மூச்சு எடுப்பானா. பாடத் தெரிஞ்சவன் எடுக்க மாட்டான். சீலன் எடுக்க மாட்டான், அவனுக்கு மூச்சு பெருசு, நாலு வரி ஒரே இழுப்புல போவான். நான் எடுத்தேன். நான்தான் எடுத்தேன், எனக்கு ஞாபகம் இருக்கு, அன்னைக்கு நான் யாரயும் பண்ணல. என்னைப் பெத்த நைனாவ ஆஸ்பத்திரியில சேத்து ரெண்டு நாளு ஆயிருந்துச்சு. முப்பது வருசம் சுரங்கத்துக்குள்ள எறங்குன மனுசன், நெஞ்சு பூரா பாறைத் தூளு, ஒரு வார்த்தைய ரெண்டா ஒடச்சுத்தான் பேசுவாரு, நடுவுல ஒரு மூச்சு, அது வருமா வராதான்னு பாத்துக்கிட்டே பக்கத்துல குந்தி இருப்பேன், அவரு இழுக்கறப்ப நானும் இழுப்பேன், அவரு வுடறப்ப நானும் வுடுவேன், ரெண்டு நாளு அப்படி குந்தி இருந்தா நம்ம மூச்சும் அப்படித்தான் ஆவும். தங்கச்சி வந்து மாத்தி வுட்டா, கிளமென்ட் வூடு வழியிலதான், உள்ள போனேன், இன்னைக்கு வேணாம்டான்னு அவன் சொன்னான், இல்லடா போடுன்னேன், வூட்டுக்குப் போனா தூங்கிடுவேன், தூங்குனா அங்க இன்னா ஆவுமோன்னு பயம். நிக்க முடியல, குந்திக்கிட்டே பாடுனேன். யாரு கொரலயும் எடுக்க தெம்பு இல்ல. ஒரே தடவ. முடிச்சுட்டு திரும்பிப் பாத்தா கிளமென்ட் சிரிக்கல, நான் கெட்டுப் போச்சுன்னு நெனச்சேன், மன்னிச்சுக்கடா நாளைக்கு காமெடியா போட்டுக் குடுக்கறேன்னுட்டு ஓடிட்டேன். எட்டாவது நாளு நைனா போயிட்டாரு. எல்லாரயும் பண்றேன், அவர மட்டும் பண்ணது இல்ல, பண்ண பயம், வந்துட்டா இன்னா பண்றதுன்னு. இப்ப இந்தப் பொட்டியில அந்த மூச்சு வருது. ரெண்டாவது வரியிலயும் அதே மாதிரி. வூட்டுல, ஒரு மூச்சு, யே என் மூச்சு. கடைசியில எழுத்த முழுங்கறேனே, அதுவும் இருக்கு. அது நான். ஐயோ, அது நான்டா. கிளமென்ட் அழிக்கல. அழிக்க மறந்தானா, மனசு வரலயா, எதுவோ, என் டிராக்க அப்படியே வுட்டுட்டு சீலன் பேரப் போட்டுட்டான்.

என் கொரலு இப்படியா இருக்கு. நல்லா இருக்கேடா. யாரு மாதிரியும் இல்லயேடா. வயித்துல எரிஞ்சது டக்குனு நின்னு போச்சு, சரியா நாலு நொடி, அப்பால ரெண்டு மடங்கா எரியுது. ஏன்னா பிலோமி முந்தானைய எடுத்து கண்ணத் தொடைக்கறா. எனக்காகத்தான் தொடைக்கறா, ஆனா அவளுக்குத் தெரியாது, அவ பாக்கறது முன்னாடி இருக்கற சீலன் முதுக. எம்பொண்டாட்டி என் பாட்டக் கேட்டு அடுத்தவன் முதுகப் பாத்து அழுவறா, இந்த அநியாயம் எந்த ஊருலயாவது நடக்குமா. ஃபாதரு கண்ணாடியக் கழட்டறாரு. உரிகம் அண்ணனுங்க தலையத் தொங்கப் போட்டுக்கிட்டு இருக்கானுங்க, அவங்க வூட்டுலயும் நைனா இருந்தாங்க. இவ்வளவும் எனக்கு சேர வேண்டியது. சீலன் செருப்பப் பாத்துக்கிட்டு இருக்கான், திருடன், அதான் நிமிர மாட்டேங்கறான், இப்பத்தானே புரியுது. சொல்லிடலாமா. சொன்னா இன்னா சொல்லுவாங்க, வயித்தெரிச்சல் புடிச்சவன்னு சொல்லுவாங்க, உண்மைதானே. சொல்லலன்னா இந்தப் பாட்டு இன்னைக்கு சாயங்காலம் எல்லார் போனுலயும் வந்துடும், ஊரு பூரா, வண்டி பூரா, நான் செத்தா கூட அவன் பேருல என் மூச்சு ஓடிக்கிட்டு இருக்கும். இல்ல, வேணாம், கிளமென்ட்ட தனியா கேக்கலாம். தனியா கேட்டா தோள்ல கை போடுவான். வேணாம். தனியா கேக்கக் கூடாது. பாட்டு முடியுது, கடைசியில கிடாரு இல்ல, டப்பா சத்தம் மட்டும் தூரமாப் போவுது, கை தட்டக் கூடாதுன்னு சொல்லி வெச்சிருந்தேன், ஒருத்தரும் கேக்கல, அத்தன பேரும் தட்டறாங்க, எழுந்து நின்னு தட்டறாங்க, ஜூலியன் ஓடி வந்து சீலனக் கட்டிப் புடிக்கறான், ஒரு அக்கா அவன் தலையில கை வெச்சு ஆசீர்வாதம் பண்றா, கிளமென்ட் கையக் காட்டி லேப்டாப்ப நிறுத்தறான். மைக்கு என் மடியிலதானே இருக்கு. விரலு தானாவே அழுத்திடுச்சு.

"இந்தப் பாட்டு பாடுனது நான்."

சிரிக்கறாங்க. இன்னாடா இது. ஃபாதரு கொரலுல சொல்றேன்னு நெனச்சாங்களா, யாரு கொரலுல சொல்றேன்னு தேடறாங்க. நான் மறுபடியும் சொன்னேன், மெதுவா. இது மிமிக்ரி இல்ல, நெசமாத்தான் சொல்றேன், அஞ்சாவது பாட்டு என் டிராக்கு, அந்த மூச்சு என் மூச்சு, மாரின்னு நின்னு குப்பம்னு சொன்னது நான், எங்க நைனா ஆஸ்பத்திரியில இருந்தப்ப பாடுனது, பேரு மட்டும் அவன் பேரு. அப்பத்தான் சிரிப்பு நின்னுது. கொஞ்சம் கொஞ்சமா, பின் வரிசையில இருந்து. பிலோமி எழுந்து நிக்கறா, வேணாங்கற மாதிரி கையக் காட்டறா, எனக்குக் காட்டறாளா அவனுக்குக் காட்டறாளா. கிளமென்ட் மேடை ஓரத்துக்கு வந்து குந்தி, என்னைப் பாத்து, சின்னப் புள்ளைக்குச் சொல்ற மாதிரி சொல்றான். அத அன்னைக்கே சீலன் போனுக்கு அனுப்பிட்டேன்டா, அவன் பாடிக் குடுத்த ஞாயித்துக்கெழமயே அழிச்சுட்டேன், இது அவன் பாடுனது, பதினோரு தடவ பாடுனான், வந்து பாரு, தேதியோட இருக்கு. நான் பொய்யிங்கறேன். நான் கேட்ட பொய்யிலயே பெரிய பொய்யிங்கறேன். எனக்குத் தெரியாதா என் மூச்சு, இந்த ஊருல யாரு எப்படிப் பேசறான், எங்க நிறுத்தறான், எங்க முழுங்கறான்னு என்னை விட தெரிஞ்சவன் எவன், காது இருக்குடா எனக்கு, இது எம்பொழப்புடா, நான் சொல்றேன் இது எட்வினு. மைக்கு கீச்சுனு கத்துது. கிளமென்ட் சீலனப் பாக்கறான். ஜூலியன் சீலனப் பாக்கறான். ஹாலே சீலனப் பாக்குது. அவன் எழுந்திருக்கல. செருப்புல இருந்து கண்ண எடுத்து என்னைப் பாத்தான், மூஞ்சி செவந்து போயிருக்கு, அஞ்சு வருசத்துல அவன் என்னை நேராப் பாக்கறது இதுதான் மொத தடவ. மைக்கு இல்லாமயே எல்லாருக்கும் கேட்டுது.

"நீங்க ஊருல அம்பது பேரப் பண்றீங்கண்ணா. நான் ஒருத்தரத்தான் பண்ணேன், அதுக்கே மூணு மாசம் ஆச்சு. ஒங்களுக்கே தெரியலன்னா, நல்லாத்தான் பண்ணியிருக்கேன்."